மாதம் 481 வெள்ளி மிச்சம் என்றார்கள்: வீவக கடனை வங்கிக்கு மாற்ற நினைப்பவர்களுக்கு

சிங்கப்பூரில் வீவக, அதாவது எச்டிபி என்னும் வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்தின் கடனை வங்கிக்கு மாற்றலாமா என்று யோசித்துக்கொண்டிருப்பவர்கள் கையெழுத்துப் போடும் முன் இதைப் படித்துவிடுங்கள். 2025இல் வட்டி இறங்கியதிலிருந்து கடன் முகவர்களின் அழைப்புகள் மறுபடியும் வரத் தொடங்கிவிட்டன. 2021இல் எங்களுக்கு வந்ததும் இப்படி ஓர் அழைப்புதான். எங்களுக்கு நடந்ததை எண்களோடு சொல்கிறேன். கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

2016 பிப்ரவரியில் உட்லண்ட்சில் ஓர் ஐந்தறை மறுவிற்பனை வீட்டை 440,000 வெள்ளிக்கு (சிங்கப்பூர் டாலர்) வாங்கினோம். சம்பளத்திலிருந்து சேரும் மத்திய சேமநிதியான சிபிஎஃபில், வீட்டுக்கு எடுக்கக்கூடிய சாதாரணக் கணக்கில் எங்கள் இருவருக்கும் இருந்த 60,000 வெள்ளி அதற்கே போனது. மீதி 380,000 வெள்ளி வீவக கடன். 2.6 விழுக்காடு வட்டி, 25 ஆண்டு. மாதத் தவணை 1,724 வெள்ளி. அதில் 1,300 சிபிஎஃபிலிருந்து போகும், 424 வெள்ளி கைக்காசு. இரண்டு பிள்ளைகளை வைத்துக்கொண்டு அந்த 424 வெள்ளியை ஒவ்வொரு மாதமும் எடுத்து வைப்பது எங்களுக்குச் சிரமமாகத்தான் இருந்தது.

ஐந்து ஆண்டு கழித்து, 2021 ஜனவரியில், என் கணவரோடு வேலை செய்பவர் ஒரு கடன் முகவரை அறிமுகப்படுத்தினார். நம்ம ஆள், தமிழ்ப் பையன், மரியாதையாகப் பேசினார். புளோக்குக்குக் கீழே இருக்கும் காப்பிக்கடையில் உட்கார்ந்தோம். ஒரு வெள்ளைத்தாளை எடுத்து மேலே 1,724 என்று எழுதினார். அதன் கீழே 1,243. இரண்டையும் கழித்து, 481 என்று எழுதி அதைச் சுற்றி இரண்டு வட்டம் போட்டார்.

"அக்கா, இது இப்ப நீங்க கட்டுறது, இது இனிமே கட்டப்போறது. முழுசா சிபிஎஃபே கட்டிடும். கையிலேர்ந்து ஒரு காசு வேணாம்."

நான் ஒரே ஒரு கேள்வி கேட்டேன். "தம்பி, வட்டி ஏறுச்சுன்னா?"

"ஏறுச்சுன்னா மறுபடி எச்டிபிக்கே மாத்திக்கலாம்க்கா. கவர்மெண்ட் லோன்தானே, எங்க போயிடப்போகுது?"

இது பொய். வீவக கடனை ஒருமுறை வங்கிக்கு மாற்றிவிட்டால் அந்த வீட்டுக்கு மறுபடி வீவக கடன் கிடையாது. எந்தக் காரணம் சொன்னாலும் கிடையாது. ஐந்து நிமிடம் ஒதுக்கி வீவகவுக்கே போன் போட்டுக் கேட்டிருந்தால் தெரிந்திருக்கும். கேட்காமல் விட்டோம். அவர் அவ்வளவு உறுதியாகச் சொன்னார்.

அந்தத் தாளில் அவர் எழுதாமல் விட்ட ஒன்றும் உண்டு. அப்போது எங்கள் கடனில் பாக்கி 322,000 வெள்ளி, மீதமிருந்தது 20 ஆண்டு. வங்கிக் கடனில் அதை 25 ஆண்டாக்கிவிட்டார். வீவக வீட்டுக்கு வங்கிக் கடன் அதிகபட்சம் 30 ஆண்டு. ஏற்கெனவே ஓடிய ஐந்தைக் கழித்தால் 25. விதி இடம் கொடுத்த கடைசி மாதம் வரை இழுத்திருக்கிறார். பிறகு நானே உட்கார்ந்து கணக்குப் போட்டேன். அதே 20 ஆண்டுக்கு 1.2 விழுக்காடு என்றால் தவணை 1,510 வெள்ளி. அதாவது அவர் வட்டம் போட்ட 481இல் வட்டி குறைந்ததால் வந்தது 214தான். மற்ற 267 வெள்ளியும் எங்கள் கடனை ஐந்து ஆண்டு நீட்டியதால் வந்தது. அதை மிச்சம் என்று எப்படிச் சொல்வது? பின்னால் கட்ட வேண்டியதைத் தள்ளிப்போட்டது, அவ்வளவுதான்.

அந்த ஐந்து ஆண்டு எந்த வயதில் வருகிறது என்பதையும் பாருங்கள். என் கணவருக்கு அப்போது 38. பழைய கடன் 58இல் முடிந்திருக்கும். புதியது 63 வரை ஓடும். சிபிஎஃப் சாதாரணக் கணக்குக்குச் சம்பளத்தில் போகும் பங்கு வயது ஏற ஏறக் குறைந்துகொண்டே வரும். 35 வயது வரை 23 விழுக்காடு, 50 தாண்டினால் 15, 55 தாண்டினால் இன்னும் குறைவு. இன்றைக்கு முழுத் தவணையையும் சிபிஎஃப் கட்டிவிடுகிறது என்பதால் அறுபது வயதிலும் கட்டும் என்று நினைத்துவிடக் கூடாது.

வங்கி கொடுத்த காகிதங்களில் இது எல்லாமே இருந்தது. இதை நான் மறைக்கப்போவதில்லை. சிங்கப்பூர் நாணய ஆணையத்தின் விதிப்படி, கடன் வாங்குபவருக்கு வங்கி ஒரு விவரத் தாள் கொடுக்க வேண்டும். வட்டி ஏறினால் தவணை எவ்வளவு ஆகும், கடனை மாற்றக் கூடாது என்ற கட்டுப்பாட்டுக் காலத்துக்குள் வெளியேறினால் எவ்வளவு அபராதம் என்றெல்லாம் அதில் இருக்கும். எங்களுக்கும் கொடுத்தார்கள். முகவர் மஞ்சள் ஸ்டிக்கர் ஒட்டி வைத்திருந்த இடங்களில் மட்டும் கையெழுத்துப் போட்டோம். ஸ்டிக்கருக்கு மூன்று விரல்கடை மேலே "தவணைக்காலம்: 300 மாதங்கள்" என்று இருந்திருக்கிறது. 300ஐப் பன்னிரண்டால் வகுத்துப் பார்க்க அன்றைக்கு யாருக்கும் தோன்றவில்லை.

முதல் இரண்டு ஆண்டு நிலையான வட்டி, 1.2 விழுக்காடு. அதன் பிறகு மூன்று மாத சோராவோடு ஒரு விழுக்காடு கூட்டி வட்டி. சோரா என்பது இங்குள்ள வங்கிகள் ஒன்றுக்கொன்று ஒரு நாளைக்குக் கடன் கொடுக்கும் வட்டியை வைத்துக் கணக்கிடுவது. 2021இல் அது அரை விழுக்காடுகூட இல்லை. அதனால் "பிறகு சோரா + 1" என்ற வரி பார்க்க ஒன்றும் இல்லாத மாதிரிதான் இருந்தது. 2022 மார்ச்சில் அமெரிக்க மத்திய வங்கி வட்டியை ஏற்ற ஆரம்பித்தது. நம் நாணய ஆணையம் வட்டியை நிர்ணயிப்பதில்லை, வெள்ளியின் மாற்று விகிதத்தைத்தான் நிர்வகிக்கிறது. ஆகவே அமெரிக்க வட்டி ஏறினால் இங்கேயும் ஏறும். எங்களுடைய இரண்டு ஆண்டு முடிந்த 2023 தொடக்கத்தில் சோரா மூன்று விழுக்காட்டைத் தாண்டியிருந்தது.

அந்தக் கடிதத்தை நான்தான் கீழே தபால் பெட்டியிலிருந்து எடுத்தேன். மின்தூக்கியில் ஏறும்போதே பிரித்தேன். புதிய வட்டி 4.3 விழுக்காடு. புதிய தவணை 1,711 வெள்ளி. எங்கள் மாடி வந்து கதவு திறந்து மூடியதுகூடத் தெரியாமல் நின்றுகொண்டிருந்தேன். அந்த 1,711இல் 1,074 வெள்ளி வட்டிக்கே போய்விடும், 637தான் அசலில் கழியும். வீவக கடனின் முதல் மாதத் தவணையிலேயே 901 வெள்ளி அசலில் கழிந்திருந்தது. பழைய தவணை அளவுக்கே இப்போதும் கட்ட வேண்டும். ஆனால் வட்டி ஒன்றரை மடங்குக்கும் மேல், பாக்கி ஆண்டுகள் 18க்குப் பதிலாக 23. பக்கத்து வீட்டில் வீவக கடனோடே இருந்தவர்கள் அன்றைக்கும் அதே 2.6 விழுக்காடுதான் கட்டிக்கொண்டிருந்தார்கள்.

முகவருக்குப் போன் போட்டேன், எடுக்கவில்லை. மூன்றாம் நாள் குறுஞ்செய்தி வந்தது. "அக்கா, வேற பேங்க்ல நல்ல பேக்கேஜ் இருக்கு, மாத்திடலாமா?" எச்டிபிக்கே திரும்பலாம் என்று சொன்னீர்களே தம்பி என்று கேட்டேன். "அப்படிச் சொன்ன ஞாபகம் இல்லக்கா" என்றார். அவர் எழுதியது அந்த ஒரு தாள்தான். அதில் மூன்று எண்களும் இரண்டு வட்டங்களும் தவிர வேறு எதுவும் இல்லை. வாயால் சொன்னதற்கு எங்களிடம் சாட்சியும் இல்லை. வங்கியிடம் முறையிட்டோம். நீங்கள் கையெழுத்துப் போட்ட ஆவணத்தில் எல்லாம் தெளிவாக இருக்கிறதே என்றார்கள். அதற்கு எங்களிடம் பதில் இல்லை.

வேறு வங்கிக்குப் போகலாம் என்று பார்த்தால் அதற்கும் தடை. "வக்கீல் செலவு இலவசம்" என்று சொல்லியிருந்தார்கள் அல்லவா? அந்தச் சலுகை 1,800 வெள்ளி. மூன்று ஆண்டுக்குள் கடனை வேறு வங்கிக்கு மாற்றினால் அதைத் திருப்பிக் கட்ட வேண்டுமாம். ஆகவே அதே வங்கியிலேயே கட்டணம் கட்டி, ஜூலையில் 3.7 விழுக்காட்டுக்கு இரண்டு ஆண்டு நிலையான வட்டியாக மாற்றிக்கொண்டோம். தவணை 1,615 ஆனது. இன்னொன்றும் அப்போதுதான் புரிந்தது. முகவருக்குக் கூலி கொடுப்பது நாம் இல்லை, வங்கி. நாம் ஒவ்வொரு முறை வங்கி மாறும்போதும் அவருக்குத் தரகுப் பணம் வரும். அது தவறான தொழில் என்று சொல்லவில்லை. நேர்மையாகச் செய்பவர்களும் இருக்கிறார்கள். ஆனால் "நீங்க இருக்கிற கடனே நல்லது, அப்படியே இருங்க" என்று சொன்னால் அவருக்கு ஒன்றும் கிடைக்காது என்பதை மனத்தில் வைத்துக்கொண்டு அவர் பேச்சைக் கேளுங்கள்.

2025 ஜூலை முடிவில் ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுவதும் உட்கார்ந்து நான்கரை ஆண்டுக் கணக்கைப் போட்டுப் பார்த்தேன். வீவகவிலேயே இருந்திருந்தால் அந்த 53 மாதத்தில் கட்டியிருக்க வேண்டியது ஏறத்தாழ 91,400 வெள்ளி. வங்கிக்குக் கட்டியது 77,150. ஆக 14,250 வெள்ளி குறைவாகத்தான் கட்டியிருக்கிறோம். பரவாயில்லையே என்று தோன்றும். அப்புறம் பாக்கியைப் பார்த்தேன். வீவக கடனாக இருந்திருந்தால் பாக்கி 264,800 வெள்ளி. வங்கியில் எங்கள் பாக்கி 279,000. கூடுதல் 14,200 வெள்ளி.

குறைவாகக் கட்டியதும் கூடுதல் பாக்கியும் ஏறத்தாழ ஒன்றே. முதல் இரண்டு ஆண்டு குறைந்த வட்டியில் உண்மையிலேயே கிடைத்த லாபம் முழுவதையும் அடுத்த இரண்டரை ஆண்டு தின்றுவிட்டது. மாற்றியதற்கான கட்டணங்கள் எங்களுக்கு நட்டம். கூடவே 2046 வரை இழுக்கும் ஒரு கடன். மாதாமாதம் அந்த 481 வெள்ளியைத் தனியாக எடுத்து வைத்திருந்தாலாவது பரவாயில்லை. முதல் இரண்டு ஆண்டில் கைக்காசு மிச்சமான 424 துணைப்பாட வகுப்புக்கும் மளிகைக்கும் கரைந்துபோனது.

இடையில் சிபிஎஃப் இணையத்தளத்துக்குள்ளும் போய்ப் பார்த்தேன். எத்தனை பேர் இதைப் பார்க்கிறார்கள் என்று தெரியவில்லை, தயவுசெய்து பாருங்கள். வீட்டுக்காக 2024 தொடக்கம் வரை நாங்கள் இருவரும் எடுத்திருந்தது 183,400 வெள்ளி. அதன் மேல் ஏறியிருந்த வட்டி சுமார் 26,000. சாதாரணக் கணக்கிலேயே அந்தப் பணம் இருந்திருந்தால் 2.5 விழுக்காடு வளர்ந்திருக்கும் அல்லவா, அதுதான் இது. வீட்டை விற்றால் கடன் பாக்கியை அடைத்த பிறகு, எடுத்ததையும் இந்த வட்டியையும் சேர்த்து நம் சிபிஎஃப் கணக்கிலேயே திருப்பிப் போட வேண்டும். நம் பணம்தான், யாரும் கொண்டுபோவதில்லை. ஆனால் வீடு இவ்வளவுக்கு விற்கும், கையில் இவ்வளவு வரும் என்று கனவு காண்பவர்கள் முதலில் இந்த எண்ணைக் கழித்துக்கொள்ள வேண்டும். முகவர் இதைப் பற்றி வாயே திறக்கவில்லை. கடனின் ஆண்டுகள் கூடும்போது, கடன் கட்டுபவர் இறந்தால் பாக்கியை அடைக்கும் வீட்டுப் பாதுகாப்புத் திட்டக் காப்பீடும் அதற்கேற்ப இருக்கிறதா என்று பார்க்க வேண்டும் என்பதையும் சொல்லவில்லை.

வங்கிக் கடனே கூடாது என்று நான் சொல்லவில்லை. கணக்குத் தெரிந்து, 20 ஆண்டை 20 ஆண்டாகவே வைத்து, மிச்சத்தைச் சேர்த்து வைத்தவர்களுக்கு அது பலன் தந்திருக்கலாம். ஆனால் யாராவது மாதத் தவணையை மட்டும் எழுதிக் காட்டினால், அதே தாளில் இன்னும் சிலவற்றை அவர் கையாலேயே எழுதச் சொல்லுங்கள். எத்தனை மாதம் கட்ட வேண்டும், கடைசி மாதம் வரை மொத்தம் எவ்வளவு, சலுகை வட்டி முடிந்ததும் 4 விழுக்காடு ஆனால் தவணை எவ்வளவு, வெளியேற அபராதம் எவ்வளவு. எங்கள் வங்கியில் அபராதம் பாக்கிக் கடனில் 1.5 விழுக்காடு. 3 லட்சம் பாக்கி என்றால் 4,500 வெள்ளி. எழுதித் தர முடியாது என்று சொல்பவரிடம் கையெழுத்துப் போடாதீர்கள். வீவக பற்றி அவர் சொல்வதை வீவகவிடமே கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்.

ஆகஸ்டில் அதே முகவர் மறுபடி செய்தி அனுப்பினார். வட்டி 2.1க்கு இறங்கிவிட்டது, மாதம் 1,392 கட்டினால் போதும், 223 வெள்ளி மிச்சம் என்று. நான் பதில் போடவில்லை. அடுத்த நாள் இருவரும் நேரே வங்கிக்குப் போனோம். எங்களுக்கும் அதே 2.1 கிடைத்தது. 2046 வரை இழுத்தால் 1,392, 2041 பிப்ரவரியில் முடிக்க வேண்டும் என்றால் 1,751. இரண்டுக்கும் மொத்த வட்டியைக் கேட்டு வாங்கினோம். முதலாவதில் ஏறத்தாழ 64,900 வெள்ளி, இரண்டாவதில் 48,400. வெளியே வந்து உட்கார்ந்து பேசினோம். துணைப்பாட வகுப்பு ஒன்றை நிறுத்த வேண்டியிருக்கும் என்றேன். பெரியவனுக்கு நானே கணக்குச் சொல்லித் தருகிறேன் என்றார் என் கணவர். உள்ளே போய் 1,751க்குக் கையெழுத்துப் போட்டோம். போடுவதற்கு முன் அவர் தவணைக்கால வரியில் விரல் வைத்து 187 மாதம் என்று சத்தமாகப் படித்து, போனில் வகுத்துப் பார்த்துக்கொண்டார்.