‘எல்லாச் சேனலும் ஓடும்’ என்று விற்கும் பெட்டியை வாங்காதீர்கள், எங்களுக்கு 9,800 ரூபாய் போனது

திருக்கார்த்திகை முடிந்து இன்றைக்கு மூன்றாவது நாள். எனக்குக் கோபம் இன்னும் அடங்கவில்லை. அடங்கட்டும், பிறகு எழுதலாம் என்று காத்திருந்தால் அதற்குள் எங்களுக்குப் பெட்டி விற்ற ஆள் இன்னும் நாலு வீட்டில் அதை மாட்டிவிட்டுப் பணத்தை வாங்கிக்கொண்டு போயிருப்பார் என்பதால் இப்போதே எழுதுகிறேன். வீட்டு டிவியில் நேரலை நின்று நின்று ஓடினால் நாமே என்னென்ன பார்க்கலாம் என்பதையும் கடைசியில் விரிவாகச் சொல்கிறேன்.

நாங்கள் இருப்பது கொழிஞ்சாம்பாறைப் பக்கம். பாலக்காடு மாவட்டம், கேரளத்துப் பஞ்சாயத்து என்றாலும் வீட்டில் பேசுவதும் பார்ப்பதும் தமிழ்தான். இரண்டு வருடங்களுக்கு முன் கேபிளை நிறுத்திவிட்டு 100 எம்பிபிஎஸ் வேகத்தில் ஃபைபர் இணைய இணைப்பு எடுத்து, மாதக் கட்டணம் கட்டும் ஒரு செயலி வழியாகத் தமிழ்ச் சேனல்களை நேரலையில் பார்த்து வந்தோம். அப்பாவுக்கு 74 வயது. வருடம் தவறாமல் தீபத்துக்குத் திருவண்ணாமலை போய்வந்தவர், முழங்கால் தேய்ந்து கூட்டத்தில் நிற்க முடியாமல் போன பிறகு, அந்த ஒரு மாலையை மட்டும் டிவி முன்னால் கைகூப்பி உட்கார்ந்து பார்ப்பார்.

இந்த ஐப்பசியில் கோளாறு தொடங்கியது. காலையில் நன்றாக ஓடும் சேனல்கள் இரவு ஏழு மணிக்கு மேல் நின்றுவிடும். நடுவில் வட்டம் சுற்றும். இரண்டு நிமிடம் ஓடி மறுபடி நிற்கும். அதே நேரத்தில் பழைய நிகழ்ச்சி எதையாவது போட்டால் தடங்கல் இல்லாமல் ஓடும். இந்த ஒரு விஷயத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், எங்களை ஏமாற்ற அந்த ஆள் பிடித்த பிடி இதுதான்.

கோபாலபுரம் செக்போஸ்ட்டைத் தாண்டிப் பொள்ளாச்சி போகும் வழியில், டிவி, சிசிடிவி, டிஷ் எல்லாம் விற்றுப் பழுதும் பார்க்கும் கடை ஒன்று. புகார் கொடுத்திருப்பதால் பெயரை இங்கே எழுதவில்லை. ஃபைபர் கம்பெனிக்குப் போன் செய்தால் எப்போது வருவார்களோ என்று நினைத்து, தெரிந்தவர் ஒருவர் சொன்ன இந்தக் கடைக்குப் போன் செய்தேன். நான் செய்த முதல் தவறு அது.

அவர் மாலை ஏழரை மணிக்கு வந்தார். கோளாறு வரும் நேரத்திலேயே வந்து பார்க்கிறாரே என்பதே எனக்குப் பெரிய நம்பிக்கையாக இருந்தது. வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, அப்பாவைப் பார்த்து “நல்லாயிருக்கீங்களாப்பா” என்று கேட்டுக்கொண்டே உள்ளே வந்தார். அம்மா கொடுத்த மோரை வாங்கிக் குடித்துவிட்டு, முன் அறையில் ரூட்டர் மாட்டியிருக்கும் சுவருக்குப் பக்கத்தில் நின்று தன் போனில் வேகத்தை அளந்து காட்டினார். 96 என்று வந்தது. பிறகு நடுக்கூடத்துக்கு வந்து டிவியில் ஒரு பழைய பட்டிமன்றத்தைப் போட்டார், நிற்காமல் ஓடியது. உடனே அதே சேனலின் நேரலையைப் போட்டார், வட்டம் சுற்றியது. “பாத்தீங்களாக்கா, நெட் சரியா இருக்குது. பழசு ஓடுது, லைவ்தான் ஓடலை. லைவுக்குத் தனி சர்வர் வேணும், உங்க டிவியில அது இல்லை” என்றார். கண்ணால் பார்த்ததையும் அவர் சொன்ன காரணத்தையும் சேர்த்துப் பார்த்தபோது எனக்குச் சந்தேகமே வரவில்லை. அப்பாவின் கையைப் பிடித்துப் புது ரிமோட்டில் எந்தப் பொத்தானை அழுத்த வேண்டும் என்று மூன்று முறை சொல்லிக்கொடுத்தார். “கார்த்திகை தீபம் கண்ணாடி மாதிரி தெரியும்ப்பா” என்று அவர் சொன்னதும் அப்பா என் முகத்தைப் பார்த்தார். அந்தப் பார்வைக்காகத்தான் பணத்தை எடுத்துக் கொடுத்தேன்.

ஆண்ட்ராய்டு பெட்டி 4,500 ரூபாய், வைஃபை பூஸ்டர் 1,800 ரூபாய், ஒரு வருடத்துக்கு எல்லாச் சேனலும் பார்க்க 3,500 ரூபாய். மொத்தம் 9,800 ரூபாய். பில் கேட்டேன். பில் போட்டால் ஜிஎஸ்டி சேர்ந்து விலை கூடிவிடும், அப்பாவுக்காகத்தான் குறைத்துத் தருகிறேன் என்றார். யுபிஐயில் அனுப்பியபோது திரையில் வந்த பெயர் கடையின் பெயராக இல்லை, யாரோ ஒரு தனி ஆளின் பெயராக இருந்தது. அதையும் பார்த்துக்கொண்டேதான் பின்னை அழுத்தினேன். பெட்டியைத் தொடங்க வேண்டும் என்று சொல்லி என் ஜிமெயில் முகவரியையும் கடவுச்சொல்லையும் கேட்டு அவரே தட்டச்சு செய்தார். அதற்கும் நான் மறுப்புச் சொல்லவில்லை.

பெட்டி பன்னிரண்டு நாள் ஓடியது. முகங்கள் எல்லாம் மாவு பூசியது போல மங்கலாக இருக்கின்றன என்று அப்பா முதல் நாளே சொன்னார். கேட்டபோது, டிவி பெரிது, அதனால் அப்படித் தெரிகிறது என்று பதில் வந்தது. பதின்மூன்றாம் நாள் திரை கறுத்தது.

அதற்குப் பிறகு அந்தக் கடையிலிருந்து நான் கேட்ட பதில்களை வரிசையாகச் சொல்கிறேன். முதல் நாள், சர்வரில் வேலை நடக்கிறது, ராத்திரிக்குள் வந்துவிடும் என்றார்கள். இரண்டாம் நாள், பெட்டியை அணைத்துப் போடுங்கள் என்றார்கள். நான்காம் நாள், நீங்கள் கேரளாவில் இருக்கிறீர்கள், எங்கள் சர்வர் தமிழ்நாட்டு நெட்டுக்குத்தான் சரியாக வரும் என்றார்கள். பணம் வாங்கும்போது எங்கள் வீடு எந்த மாநிலத்தில் இருக்கிறது என்பது அவர்களுக்குத் தெரியாதா? ஒரு வாரம் கழித்துப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு நானே பஸ் ஏறிக் கடைக்குப் போனேன். அந்த ஆள் வெளியே போயிருப்பதாக மேஜையில் இருந்த பையன் சொன்னான். உள்ளே அவருடைய குரல் கேட்டது. முக்கால் மணி நேரம் நின்ற பிறகு வெளியே வந்தவர், வீட்டுக்கு வந்து மோர் குடித்தவர்தானா என்று நான் நினைக்கும்படி முகத்தை வைத்துக்கொண்டு, இன்னும் 1,200 ரூபாய் கொடுத்தால் வேறு சர்வருக்கு மாற்றித் தருவதாகச் சொன்னார். கொடுக்க மாட்டேன், என் 9,800 ரூபாயைத் திருப்பிக் கொடுங்கள் என்றேன். சரி, தீபத்துக்குள் கட்டாயம் சரிசெய்து தருகிறேன், அப்பாவிடம் சொல்லுங்கள் என்றார்.

தீபத்தன்று காலையில் சேனல்கள் உண்மையிலேயே வந்தன. அப்பா குளித்து, நெற்றி நிறையத் திருநீறு பூசி, நாலரை மணிக்கே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். அம்மா திண்ணையில் அகல்களுக்குத் திரி போட்டுக்கொண்டிருந்தார். கோயிலுக்குள்ளிருந்து அர்த்தநாரீசுவரர் வெளியே வருவது சில நிமிடங்கள்தான். அவர் வந்ததும் 2,668 அடி உயரத்து மலை உச்சியில் தீபம் ஏற்றுவார்கள். மணி ஐந்து ஐம்பத்தாறுக்குப் படம் அப்படியே நின்றது. கூட்டத்தில் ஒருவர் தலைக்கு மேல் கை தூக்கிய நிலையில் உறைந்து நின்ற படம் அது. பிறகு திரை முழுவதும் கறுத்து, ஓரத்தில் ஒரு பிழை எண் மட்டும் வந்தது. நான் கடைக்குப் போன் செய்தேன். மணி அடித்து ஓய்ந்தது. மறுபடி செய்தேன், அணைத்துவிட்டிருந்தார்கள். பழைய செயலியைத் திறந்து உள்நுழைவதற்குள் ஆறு மணி தாண்டிவிட்டது. “விடு கண்ணு, அடுத்த வருசம் பாத்துக்கலாம்” என்று சொல்லிவிட்டு அப்பா எழுந்து திண்ணைக்குப் போனார். மலையில் தீபம் பதினோரு நாள் எரியும். அதை ஏற்றும் நொடி அன்று மாலை மட்டும்தான். அந்த நொடிக்கும் சேர்த்துத்தான் நான் 9,800 ரூபாய் கொடுத்திருந்தேன்.

நேற்று ஃபைபர் கம்பெனியின் லைன் பார்க்கும் பையன் வந்தான். இதை முதலிலேயே செய்திருந்தால் இந்தப் பதிவுக்கே வேலை இருந்திருக்காது. ரூட்டருக்கு வரும் ஒளியை ஒரு சிறு கருவியில் அளந்துவிட்டு, “சேச்சி, லைனில் ஒரு குறையும் இல்லை” என்றான். பிறகு நேராக டிவிக்குப் பக்கத்தில் போய் நின்று வேகத்தை அளந்தான். ஒரு முறை 9 வந்தது, அடுத்த முறை 2, அதற்கடுத்து 4. நல்ல தெளிவான நேரலைக்குக் குறைந்தது 5 எம்பிபிஎஸ் நிலையாக வர வேண்டும் என்றான். எங்கள் வீடு பழைய வீடு, ஒன்றரை அடி கனத்தில் மண் சுவர். ரூட்டருக்கும் டிவிக்கும் நடுவில் அப்படி இரண்டு சுவரும் ஒரு இரும்பு பீரோவும் இருக்கின்றன. டிவி பிடித்திருந்தது 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபை. அதில் ஒன்றோடொன்று மோதாமல் சிக்னல் போகும் பாதைகள் மூன்றே மூன்றுதான். சாயங்காலம் அக்கம்பக்கத்து வீடுகளில் எல்லாரும் திரும்பி வந்து நெட்டைப் போட்டதும் நெரிசல் வந்துவிடுகிறது. காலையில் ஓடியது ஏழு மணிக்கு மேல் நின்றதற்கு இதுதான் காரணம். இதை மறைப்பதற்காகத்தான் அந்த ஆள் ரூட்டருக்குப் பக்கத்தில் நின்று 96 என்று அளந்து காட்டியிருக்கிறார்.

பழைய நிகழ்ச்சி ஓடியது ஏன் என்றும் அந்தப் பையனே விளக்கினான். பழைய நிகழ்ச்சி முழுவதும் சர்வரில் தயாராக இருப்பதால், வேகம் கிடைக்கும் நேரத்தில் டிவி அடுத்து வர வேண்டியதை முன்கூட்டியே இழுத்துச் சேர்த்து வைத்துக்கொள்கிறது. நடுவில் வேகம் விழுந்தாலும் அந்தக் கையிருப்பு தீரும்வரை படம் நிற்காது. நேரலையில் அடுத்த நிமிடம் இன்னும் நடக்கவே இல்லை. சில வினாடிகளுக்கு மேல் எதையும் சேர்த்து வைக்க முடியாது, அதனால் வேகம் கொஞ்சம் விழுந்தாலும் வட்டம் சுற்றும். தனி சர்வர் என்ற பேச்சே பொய். அந்தப் பெட்டி பன்னிரண்டு நாள் ஓடியதும் அதிலிருந்த எந்தத் திறமையாலும் அல்ல. அனுமதி இல்லாமல் யாரோ சேனல்களைப் பிடித்து, தரத்தைக் குறைத்து மறு ஒளிபரப்பு செய்ததால் குறைந்த வேகத்திலும் அது ஓடியிருக்கிறது. அப்பாவுக்கு முகங்கள் மங்கலாகத் தெரிந்ததும் அதனால்தான். டிவிக்குப் பின்னால் மாட்டிய 1,800 ரூபாய் பூஸ்டரைக் கையில் எடுத்துப் பார்த்துவிட்டு, இங்கே வந்து சேர்வதே பலவீனமான சிக்னல், அதையே திரும்ப அனுப்புகிற கருவியை இங்கே மாட்டி என்ன பயன் என்று கேட்டான்.

ரூட்டரிலிருந்து டிவி வரை உத்தரத்தின் ஓரமாகவே லேன் வயரை இழுத்தான். 22 மீட்டர் வயரும் கூலியும் சேர்ந்து 650 ரூபாய், ரசீதோடு. இப்போது டிவியில் அளந்தால் 93 வருகிறது. நேற்று இரவு எட்டு மணிக்குச் சேனல் ஒரு முறைகூட நிற்கவில்லை. 650 ரூபாயில் முடிந்திருக்க வேண்டிய வேலைக்கு 9,800 ரூபாய் கொடுத்திருக்கிறேன்.

இன்று காலை 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணுக்குப் போன் செய்து புகாரைப் பதிவு செய்தேன். கடை தமிழ்நாட்டில் இருந்தாலும், 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி நாம் குடியிருக்கும் ஊரின் மாவட்ட ஆணையத்திலேயே வழக்குப் போடலாம். பொருளுக்குக் கொடுத்த பணம் 5 லட்சம் ரூபாய் வரைக்கும் என்றால் வழக்குக்குக் கட்டணம் கிடையாது. பில் கொடுக்காமல் விற்பதையே அந்தச் சட்டம் முறையற்ற வணிகம் என்கிறது. பணம் திரும்பி வராவிட்டால் பாலக்காட்டில் வழக்குப் போடுவேன். பில் இல்லை என்றாலும் யுபிஐ பதிவும், தீபத்துக்குள் சரிசெய்து தருவதாக அவர் வாட்ஸ்அப்பில் அனுப்பிய குரல் செய்தியும் என்னிடம் இருக்கின்றன.

விரிவாக எழுதுகிறேன் என்று சொன்னதற்கு இப்போது நேரமும் இல்லை, மனமும் இல்லை. அவசரமாக இவற்றை மட்டும் சொல்கிறேன். வேகத்தை டிவி இருக்கும் இடத்தில் நின்று, கோளாறு வரும் நேரத்தில் அளக்கச் சொல்லுங்கள். ரூட்டருக்குப் பக்கத்தில் அளந்து காட்டினால் நம்பாதீர்கள். முடிந்தால் லேன் வயர் போடுங்கள், முடியாவிட்டால் ரூட்டரை டிவிக்கு அருகில் மாற்றிவைத்து 5 கிகாஹெர்ட்ஸில் இணையுங்கள். முதலில் இணைப்புக் கொடுத்தவரைக் கூப்பிடுங்கள். 3,500 ரூபாய்க்கு ஒரு வருடம் எல்லாச் சேனலும் என்று யார் சொன்னாலும் அது திருட்டு ஒளிபரப்புதான், என்றைக்கு நிற்கும் என்று விற்கிறவருக்கே தெரியாது. பில் இல்லாமல், தனி ஆளின் பெயருக்குப் பணம் அனுப்பாதீர்கள்.

இப்படிப்பட்ட பெட்டி உங்கள் வீட்டில் ஏற்கெனவே இருந்தால் இன்றைக்கே கழற்றுங்கள். பெயர் தெரியாத மலிவான ஆண்ட்ராய்டு பெட்டிகளில் தயாரிக்கும்போதே தீய நிரல் ஏற்றப்பட்டு வருவதைப் பற்றி 2025 ஜூனில் அமெரிக்காவின் எஃப்பிஐயே எச்சரித்திருக்கிறது. அதில் உங்கள் ஜிமெயிலைப் போட்டிருந்தால் போனிலிருந்து கூகுள் கணக்கைத் திறந்து, அந்தச் சாதனத்தை வெளியேற்றிவிட்டுக் கடவுச்சொல்லை மாற்றுங்கள். நான் நேற்று இரவு பதினோரு மணிக்குத்தான் மாற்றினேன்; அதுவரை ஐந்து வாரமாக என் மின்னஞ்சல் அந்தப் பெட்டிக்குள் திறந்தே கிடந்தது.