காட்டுப் பயிற்சிக் கையேடு: மொழிபெயர்ப்பதா, நாமே எழுதுவதா?

எங்கள் மலையேற்றக் குழுவில் புதிதாகச் சேருபவர்களுக்குப் பயிற்சி தர இரண்டு வழிகள் இருந்தன. ஆஸ்திரேலிய, அமெரிக்கக் கையேடுகளைத் தமிழாக்கி அங்கங்கே திருத்திக்கொள்வது ஒன்று. மேற்குத் தொடர்ச்சி மலைக்கென்றே சிறு அட்டைகளாக எழுதி லேமினேட் செய்வது இன்னொன்று. நாங்கள் இரண்டாவதற்குப் போனோம்.

வேலை குறைவு என்று பார்த்தால் மொழிபெயர்ப்புதான். வரைபடம் பார்ப்பது, சிபிஆர் (இதயம் நின்றவருக்கு மார்பை அழுத்தித் தரும் முதலுதவி), எலும்பு முறிவுக்குச் சிம்பு கட்டுவது எல்லாம் எந்த நாட்டிலும் ஒன்றுதான். 911 என்று இருப்பதை 108 ஆக்கினால் சரி. ஆனால் கேம்ப்ஃபயர் மூட்டும் பக்கம் இங்கே உதவாது. காப்புக்காட்டில் தீ மூட்டுவதே குற்றம். அதற்குப் பதில், காட்டுத்தீ மேட்டை நோக்கி வேகமாக ஏறும், காய்ந்த புல் சரிவில் நிற்காதே என்று ஓர் அட்டை வேண்டும். 2018 மார்ச்சில் தேனி மாவட்டம் குரங்கணியில் மலையேறப் போனவர்கள் காட்டுத்தீயில் சிக்கி இறந்ததை யாரும் மறந்திருக்க மாட்டார்கள்.

முடிவை மாற்றியது பாம்புக்கடிப் பக்கம். கடிபட்ட கை, கால் முழுவதும் இறுக்கமாக பேண்டேஜ் சுற்று என்கிறது ஆஸ்திரேலிய முறை. அங்கே ஆபத்தான பாம்புகள் பெரும்பாலும் நாக வகை. நரம்பைத் தாக்கும் அந்த விஷம் உடம்பில் பரவுவதைத் தாமதப்படுத்தவே அந்தக் கட்டு. நம் ஊரில் நாக வகையைச் சேர்ந்த நல்ல பாம்பும் கட்டுவிரியனும் மட்டுமா இருக்கின்றன? கண்ணாடி விரியனும் சுருட்டை விரியனும் உண்டு. இந்த இரண்டு விரியன்களின் விஷம் கடித்த இடத்தின் சதையையே அழிப்பது. அதை இறுக்கிக் கட்டி ஓரிடத்தில் தேக்கினால் சேதம் கூடலாம் என்பதால் இவற்றின் கடிக்கு அந்தக் கட்டைப் பொதுவாகப் பரிந்துரைப்பதில்லை. கடித்தது எது என்று இருட்டில் எந்தப் பையன் பார்த்துச் சொல்வான்? அதனால் எங்கள் அட்டையில் இருப்பது இவ்வளவுதான்: கீறாதே, உறிஞ்சாதே, கயிறு கட்டாதே. மோதிரம், கொலுசைக் கழற்று. கடிபட்டவரை நடக்கவிடாமல், கை காலை அசையாமல் வைத்துத் தூக்கிக்கொண்டு, விஷமுறிவு மருந்து இருக்கும் மருத்துவமனைக்குப் போ. மொழிபெயர்ப்பில் இந்தப் பக்கத்தைத் திருத்தலாமே என்றால், திருத்தலாம்தான். ஆனால் எது திருத்த வேண்டிய பக்கம் என்று தெரிந்தவர் அருகில் இருக்க வேண்டும். அவர் இருந்தால் அவரே எழுதிவிடலாமே! அட்டைகளை அச்சுக்கு அனுப்புமுன் ஒரு மருத்துவர் பார்ப்பது மட்டும் கட்டாயம்.

யானை அட்டைக்கு மலைவாழ் வழிகாட்டிகள் சொன்னதே போதுமானதாக இருந்தது.

இமயமலைக்குப் போகிற குழுக்களுக்கு இதே யோசனையைச் சொல்லத் தயக்கமாக இருக்கிறது. உயரத்தால் வரும் உடல்நலக் கோளாறுகளில் எனக்கு அனுபவம் குறைவு. அங்கே நல்ல கையேட்டை மொழிபெயர்ப்பதே மேல் என்று நினைக்கிறேன்.