எங்கள் தெரு கேபிள்: படம் நன்று, செய்தி போதாது

வேலூர் சத்துவாச்சாரியில் நாங்கள் போட்டிருக்கும் கேபிளின் சேவையில் குறை சொல்ல ஒன்றுமில்லை. மழையில் வயர் அறுந்தாலும், போன் போட்டால் அன்றைக்கே ஆள் வந்துவிடுகிறார். படமும் பளிச்சென்று இருக்கிறது. வசூலுக்கு வரும் அண்ணன், பாக்கி நின்றாலும் முகம் சுளிப்பதில்லை.

என் குறை எல்லாம் செய்தி சானல்கள் பற்றித்தான். ரிமோட்டை அழுத்த அழுத்த வந்துகொண்டே இருக்கின்றன, ஆனால் யாருடைய சானல் என்று பாருங்கள். கலைஞர் செய்திகள் திமுக பக்கம், நியூஸ் ஜெ அதிமுக பக்கம், மக்கள் டிவி பாமக பக்கம். புதிய தலைமுறை எஸ்ஆர்எம் குழுமத்துடையது. அந்தக் குழும நிறுவனர்தான் இந்திய ஜனநாயகக் கட்சியையும் தொடங்கினார். நியூஸ்18 தமிழ்நாடு, 2014ல் ரிலையன்ஸ் வாங்கிய நெட்வொர்க்18ஐச் சேர்ந்தது. என்டிடிவி 2022ல் அதானி கைக்குப் போனது. வயரின் கதையும் இதுதான். சுமங்கலி கேபிள் சன் குழுமத்தினுடையது. 2007ல் சன் குழுமத்தின் மாறன் சகோதரர்களுக்கும் கருணாநிதி குடும்பத்துக்கும் விரிசல் விழுந்த பிறகுதான் கலைஞர் டிவியும் வந்தது, அரசு கேபிளும் வந்தது. கட்சிகளும் அரசும் சானல் நடத்தக் கூடாது, கேபிள் விநியோகத்திலும் இறங்கக் கூடாது என்று தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் 2014ல் பரிந்துரைத்தது. பரிந்துரையோடு சரி.

இதில் எனக்கென்ன நஷ்டம் என்றால், பாலாறு. அந்த ஆற்றங்கரையில் தோல் தொழிற்சாலைக் கழிவால் நிலம் கெட்டவர்களுக்கு இழப்பீடு கொடுத்து, அந்தப் பணத்தை மாசுபடுத்தியவர்களிடமே வசூலிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2025 ஜனவரி 30 அன்று தீர்ப்பளித்தது. ஆம்பூர் பக்கம் எங்கள் மாமாவின் கிணற்றுத் தண்ணீரை வாயில் வைக்க முடியாது, உப்புக் கரிக்கும். தென்னையில் குரும்பை எல்லாம் உதிர்ந்துவிடுகிறது. கணக்கெடுக்க யார் வருவார்கள், மாமா பெயர் இழப்பீட்டுப் பட்டியலில் இருக்குமா என்று ராத்திரி ஒவ்வொரு சானலாகத் தேடினேன். எல்லாவற்றிலும் கட்சிக்காரர்கள் ஒருவரை ஒருவர் திட்டிக்கொண்டிருந்தார்கள். ஒரு நிருபர் ஊரில் தங்கி, வீடு வீடாகப் போய்க் கேட்க வேண்டிய செய்தி இது. அதற்குச் சம்பளம் கொடுக்க முதலாளிக்கு என்ன ஆதாயம்?

அத்தைக்கு சீரியல் வேண்டும், அதனால் கனெக்‌ஷனை விடவில்லை. கட்டணச் சானல்கள் சிலவற்றை எடுத்துவிட்டு, அந்தப் பணத்தை வாசகர் சந்தாவில் நடக்கும் நியூஸ்லாண்டரி செய்தித் தளத்துக்கும், பத்திரிகையாளர் சாய்நாத் தொடங்கிய, கிராமத்துச் செய்திகளை எழுதும் பாரி (PARI) தளத்துக்கும் கொடுக்கிறேன். பாரி இலவசம்தான், நன்கொடையில் ஓடுகிறது; கட்டுரைகள் தமிழிலும் வருவதால் மாமாவும் படிக்கிறார். இந்தப் பக்கம் புதிதாகக் குடிவருகிறவர்கள் இந்த கேபிளைத் தாராளமாகப் போடலாம். செய்திக்கு மட்டும் தனியாகக் கொஞ்சம் பணம் எடுத்து வையுங்கள்.