லாங் பஜார் சந்துல பழைய காசுக் கடை: கட்டாங்கா காசு வாங்கினேன்

வேலூர்ல பழைய காசு, ஸ்டாம்ப் சேக்கறவங்க லாங் பஜார் பக்கத்து சந்துல இருக்கற பாய் கடைக்கு கண்டிப்பா போங்க. நான் தேடிப் போனது கட்டாங்கா காசு. கட்டாங்கான்னா ஆப்பிரிக்காவுல காங்கோல இருந்து பிரிஞ்சு கொஞ்ச வருஷம் தனி நாடுன்னு சொல்லிக்கிட்ட மாகாணம். 1961ல அடிச்ச 5 பிராங்க், வெண்கலம், ஒரு பக்கம் வாழைக்குலை, இன்னொரு பக்கம் அந்த ஊர்ல ஒரு காலத்துல பணமாவே புழங்கின செப்புச் சிலுவை. விளிம்பு தேயல, சிலுவை முனை எல்லாம் கூரா நிக்குது.

இந்த நாட்ட பத்தி தெரியாதவங்களுக்காக சொல்றேன், காங்கோவுக்கு 1960 ஜூன் 30 சுதந்திரம் கெடச்சுது, ஜூலை 11லயே அந்த மாகாணத் தலைவர் மோயிஸ் ட்ஷோம்பே கட்டாங்கா தனி நாடுன்னு அறிவிச்சிட்டாரு, ஏன்னா செம்பு கோபால்ட் யுரேனியம் எல்லாம் அந்த மண்ணுலதான் இருக்கு. யூனியன் மினியேர்னு பெல்ஜியம் கம்பெனி வரிய ட்ஷோம்பே கவர்மென்ட்டுக்கே கட்டிச்சு, அந்தப் பணத்துலதான் வெளிநாட்டு கூலிப்படைய எறக்குனாங்க. பணம் இருந்துச்சு, ஒரு நாடு கூட அங்கீகரிக்கல. காங்கோவோட மொத பிரதமர் லுமும்பாவ 1961 ஜனவரி 17 கொன்னது அங்கதான், நெனச்சா இப்பவும் வயிறு எரியுது. 1963 ஜனவரில ஐ.நா. படை உள்ள வந்து அந்தத் தனி நாட்ட முடிச்சு வெச்சுது.

நம்ம ஆளுங்களும் ஐ.நா. படைல அங்க போய் சண்ட போட்டிருக்காங்க, கேப்டன் குர்பச்சன் சிங் சலாரியா 1961 டிசம்பர் 5 கட்டாங்கா தலைநகர் எலிசபெத்வில்ல உயிர விட்டாரு, பரம்வீர் சக்ரா குடுத்தாங்க. கம்மவான்பேட்டை மாதிரி வீட்டுக்கு வீடு பட்டாளத்துக்கு அனுப்பற ஊரு இருக்கற மாவட்டத்துல இது எல்லாருக்கும் தெரிஞ்சிருக்கணும்.

பாய்கிட்ட எனக்கு ரொம்ப புடிச்சது, வேணும்னே கத கட்டி வெல ஏத்தல. ஹிரோஷிமா குண்டுக்கு யுரேனியம் பெரும்பாலும் கட்டாங்காவுல இருக்கற ஷின்கோலோப்வே சுரங்கத்துல இருந்துதான் போச்சு, அதனால "யுரேனியம் நாட்டு காசு"ன்னு சொல்லி வித்தா எவனும் வாங்குவான். இவரு, "தம்பி, அந்த சுரங்கத்த 1960லயே மூடிட்டாங்க, இந்த நாடு ஓடுனது செம்புலதான், காசுல கதிர்வீச்சு எதுவும் கெடயாது, பசங்க கைல தாராளமா குடு"ன்னாரு. அந்த ஒரு பேச்சுக்கே திரும்ப போலாம்.

ஒரே கொற, காசு போட்டு வெக்கற கவர். பிவிசி பிளாஸ்டிக், வெண்கலத்துல நாளாக நாளாக பச்சையா புடிச்சிக்கும். பக்கத்து ட்ரேல ரெண்டு மூணு காசு அப்டி ஆரம்பிச்சிருந்துது, பாய்கிட்டயே சொன்னேன், மாத்தறேன்னாரு. நீங்க வாங்கினா வீட்டுக்கு வந்ததும் அட்ட ஹோல்டருக்கு மாத்திடுங்க. வெள்ளிக்கெழம மதியம் தொழுகைக்கு கடை மூடியிருக்கும், சாயந்தரமா போங்க.