அம்மாவின் பெயரைத் திருத்த ஊருக்குப் போனேன்

ஆகஸ்ட்டில் நோர்வேயிலிருந்து மூன்று வாரம் இலங்கை மலையகத்தில் இருக்கும் எங்கள் ஊருக்குப் போய் வந்தேன். சொந்தக்காரர் வீடு, கோயில் எல்லாம் இந்த முறை இரண்டாம்பட்சம். அம்மாவுக்குப் பாஸ்போர்ட் எடுக்க வேண்டும். அடையாள அட்டையில் அவர் லெட்சுமி, பிறப்புப் பதிவில் லெச்சிமி. இரண்டு எழுத்துத்தானே என்று இத்தனை வருடம் விட்டு வைத்தோம். இப்போது இந்த இரண்டும் ஒரே ஆள்தான் என்று நிரூபிக்கச் சொல்கிறார்கள்.

கொழும்புக் கோட்டையில் காலை உடரட்ட மெனிக்கே ரயில். சீட் முன்பதிவு செய்திருந்ததால் ஹட்டன் வரை நிம்மதியாக உட்கார்ந்து வந்தேன், கழிப்பறை மட்டும் நாவலப்பிட்டிக்கு மேலே தாங்கவில்லை. பக்கத்தில் ஒரு சிங்கள அம்மா, நல்லாத் தமிழ் பேசினார். உடரட்ட என்றால் மலைநாடு, மெனிக்கே என்பது கண்டிப் பக்கத்தில் பெண்களுக்கு மரியாதையாகச் சொல்லும் பெயர் என்றார். சின்ன வயதிலிருந்து ஏறி இறங்கிய ரயில், ஒருநாளும் அர்த்தம் கேட்டதில்லை. அவருடைய குடும்பப் பெயர் முதியான்சலாகே என்று முடிகிறது. முதியான்சே என்பது பழைய பட்டம், 'கே' என்றால் வீடு, அதாவது முதியான்சேயின் வீட்டார். அது முன்னால் வரும், சொந்தப் பெயர் கடைசியில். நம்மைப் போலவே அவர்களும் முதலெழுத்துகளை முன்னால்தான் போடுகிறார்கள். இதே நாட்டில் பெரேரா, சில்வா எல்லாம் போர்த்துக்கீசர் விட்டுப்போனவை. பெரேரா பேரி மரம், சில்வா காடு.

அப்புறம் பெயர் திருத்த வேண்டிய அந்த அலுவலகம். பெயர் போட விரும்பவில்லை. முதல் நாள் கவுண்டரில் இருந்தவருக்குத் தமிழ் தெரியாது, தமிழ் தெரிந்தவர் செவ்வாய்க்கிழமைதான் வருவார் என்று திருப்பி அனுப்பிவிட்டார். நுவரெலியா மாவட்டத்தில் பாதிக்கு மேல் தமிழர்கள். 1987இலேயே தமிழ் ஆட்சி மொழியாகிவிட்டது. எழுபது வயது தாண்டிய அம்மாவை இரண்டு பஸ் மாறி மறுபடியும் கூட்டிக்கொண்டு போக வேண்டியிருந்ததில் எனக்கு ரொம்பக் கோபம். வாசலில் போட்டோ கொப்பி கடை வைத்திருக்கும் தம்பிதான் உதவினார். என்னென்ன வேண்டும் என்று ஒரு துண்டில் எழுதிக் கொடுத்து, சத்தியம் வாங்கி உறுதிப்படுத்தும் சமாதான நீதவான் வீட்டுக்கும் வழி சொல்லி, சத்தியக்கடதாசி முடித்துக்கொண்டே வாங்கக்கா, இல்லாவிட்டால் இன்னொரு நாள் போய்விடும் என்றார். கொப்பிக்கு மட்டும்தான் காசு வாங்கினார்.

இந்தப் பெயர்கள் எப்படி இப்படிப் போயின என்று யோசித்தால், அந்தக் காலத்தில் தேயிலைத் தோட்டத்தில் பிள்ளை பிறந்தால் பெயரைச் சொல்பவர் ஒருவர், எழுதுபவர் வேறொருவர். எழுதுபவருக்குத் தமிழ் தெரியாவிட்டால் காதில் விழுந்ததுதான் பெயர். 1948 குடியுரிமைச் சட்டத்தில் நாடற்றவர்களாகி, 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்தில் இந்தியாவுக்கு 5,25,000 பேர், இங்கே 3,00,000 பேர் என்று பங்கு போடப்பட்ட நம் மலையகத் தமிழ் ஆட்களுக்கு எல்லாமே காகிதம்தான். அந்தக் காகிதத்தில் பெயர் பிழையானால் என்ன செய்வது?

தோட்டத்தில் 'பேர்' என்றால் ஒருநாள் சம்பளம். பேர் போட்டாச்சா என்று கேட்டால் அன்றைய வேலை செக்ரோல் என்ற வேலைப் பதிவேட்டில் ஏறிவிட்டதா என்று அர்த்தம். கொழுந்து குறைந்தால் அரைப்பேர். மழையில் நனைந்து அட்டைக்கடி வாங்கி அம்மா கொண்டுவந்த அரைப்பேரில்தான் நான் படித்தேன். அந்த அம்மாவின் பெயர் ஓர் எழுத்துக்கூடப் பிசகாமல் இருக்க வேண்டும் என்று நினைப்பது பெரிய ஆசையா?

லட்சுமி என்ற சொல்லுக்கு சமஸ்கிருதத்தில் முதல் பொருள் அடையாளம், குறி என்பதுதான். செல்வம், அதிர்ஷ்டம் எல்லாம் பிறகு வந்தவை. க்ஷ என்ற ஒலி நம் வாயில் 'ட்ச' ஆகிவிடும், அதனால் லெட்சுமி. அது பிழையே இல்லை, நம் மக்கள் சொல்லும் முறை.

நோர்வேயில் என் அப்பாவின் பெயரைத்தான் குடும்பப் பெயராகப் போட்டார்கள். கூப்பிடும்போது முத்துசாமி என்பார்கள், அவர் இறந்து பதினெட்டு வருடம். முதலில் கூசியது, இப்போது கேட்கவே பிடிக்கும். அந்த ஊர்க்காரர்களுக்கும் முன்பு அப்பா பெயர்தான் பின்னால் வரும், ஹான்ஸின் மகன் ஹான்சன் என்று. அதோடு இருக்கும் பண்ணையின் பெயரையும் சேர்த்துக்கொள்வார்கள், பண்ணை மாறினால் அந்தப் பெயரும் மாறும். 1923 சட்டம்தான் குடும்பத்துக்கு ஒரே நிலையான பெயர் என்று ஆக்கியது. பாக்கே சரிவு, டால் பள்ளத்தாக்கு, லீ மலைச்சாரல், பக்கத்து வீட்டுக்காரர் பெயரெல்லாம் இப்படித்தான். நாமும் யாரைப் பார்த்தாலும் முதலில் எந்தத் தோட்டம் என்றுதானே கேட்போம். அந்தத் தோட்டங்களில் பலவற்றுக்குப் பெயர் ஸ்கொட்லாந்திலிருந்து வந்தது. கிளன்லயன் தோட்டத்தின் பெயரில் வரும் கிளன் என்றாலும் பள்ளத்தாக்குத்தான்.

செவ்வாய்க்கிழமை போனோம். தமிழ் உத்தியோகத்தர் பொறுமையானவர். காகிதத்தை என்னிடம் கேட்காமல் அம்மாவிடமே, உங்க பேரை நீங்களே சொல்லுங்கம்மா என்றார். அம்மா எழுந்து நின்று, "லெட்சுமிங்க சேர்" என்றார். அவர் எழுதியதைத் திருப்பிக் காட்டினார், அம்மா விரல் வைத்து எழுத்து எழுத்தாகப் படித்த பிறகே கையெழுத்துப் போட்டார். இதே வேலையாகப் போகிறவர்கள் அப்பா பெயர், அம்மா பெயர் இருக்கும் கட்டங்களையும் அங்கேயே பாருங்கள். எங்கள் தாத்தாவின் கருப்பையா 'கருப்பயா' என்று இருந்ததை அப்போதுதான் கண்டோம், அதையும் சேர்த்தே எழுதிக் கொடுத்தோம்.

ஆறு வாரம் கழித்து அண்ணன் போய் வாங்கி வாட்ஸ்அப்பில் படம் அனுப்பினார். இரண்டு பெயரும் சரி. அன்று இரவு அம்மா போன் எடுத்துக் கேட்டது, அங்கே இப்போ குளிரா, எத்தனை ஸ்வெட்டர் வேணும் என்றுதான்.