நெடுந்தீவுத் தேசியப் பூங்கா: போகிறவர்கள் கவனிக்க

யாழ்ப்பாணத்துக்குத் தென்மேற்கே கடலில் இருக்கும் நெடுந்தீவுக்கான பயணம் சரிவருவதும் வராமல்போவதும் குறிகட்டுவான் துறையில் பிடிக்கும் படகைப் பொறுத்தது. காலைப் படகைத் தவறவிட்டால் கோட்டையை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டுத் திரும்பத்தான் நேரம் இருக்கும். குதிரைகள் நிற்கும் பூங்கா வெளிக்குப் போகக் கிடைக்காது.

யாழ்ப்பாணம் பஸ் நிலையத்தில் 776ஆம் இலக்க பஸ்ஸில் ஏறினால் பண்ணைப் பாலம், வேலணை, வாணர் தாம்போதி என்று புங்குடுதீவின் மேற்குக் கரையில் இருக்கும் குறிகட்டுவான் வரை போகலாம். பஸ்ஸுக்கு ஒரு மணிநேரத்துக்கு மேல் ஒதுக்குங்கள். படகு நேரம் காற்றைப் பார்த்து மாறும்; முதல்நாளே விசாரியுங்கள். நயினாதீவுப் படகுகளும் இதே துறையில்தான் கட்டும். அங்குள்ள நாகபூசணி அம்மன் திருவிழாக் காலத்திலும் போயா (பௌர்ணமி) நாளிலும் நெரிசல் அதிகம், வரிசை மாறி நின்று படகைக் கோட்டைவிடுபவர்கள் உண்டு. ஏறமுன் "நெடுந்தீவோ?" என்று ஒருதரம் கேளுங்கள்.

கடலில் ஏறத்தாழ ஒரு மணிநேரம். நயினாதீவைத் தாண்டியதும் மறைப்பு இல்லை, அலை தெரியும். அணியப் பக்கம் (படகின் முன்பக்கம்) தூக்கிப் போடும், நடுவில் இருப்பது நல்லது. தலைசுற்றுபவர்கள் இயந்திரப் புகை வராத பக்கமாக இருங்கள். அரிசி மூட்டை, காஸ் சிலிண்டர், மோட்டார் சைக்கிள் எல்லாம் இதில்தான் தீவுக்குப் போகின்றன. ஊர்ச்சனத்துக்கு இது பஸ். நோயாளி, பிள்ளைத்தாய்ச்சி வந்தால் எழும்பி இடம்விடுங்கள்.

நெடுந்தீவின் மாவலித்துறையில் இறங்கியதும் இரண்டு வேலை: மதியச் சாப்பாட்டுக்குச் சொல்லிவிடுவது, ஓட்டோ பேசுவது. கூலியை மட்டும் பேசினால் போதாது. ஒல்லாந்தர் கோட்டை, பெருக்குமரம் (பாவோபாப்), குதிரை லாயம், குதிரை வெளி என்று இடங்களையும், கடைசிப் படகுக்கு அரை மணிநேரம் முன்னர் துறையில் விடவேண்டும் என்பதையும் சேர்த்துப் பேசுங்கள். இல்லாவிட்டால் வெளிக்குப் போகாமலே சுற்று முடிந்துவிடும். அந்த வெளிதான் இங்கு வருவதற்கே காரணம்.

2015இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட இந்த நிலம் சுமார் 1,846 ஹெக்டேயர். நிழல் அரிது. புல்லும் பற்றையும் முருகைக்கல் என்ற பவளக்கல்லும்தான். ஒல்லாந்தர் காலத்துக் குதிரைகளின் வழிவந்தவை என்று சொல்லப்படும் மட்டக்குதிரைகள் குளத்தைச் சுற்றித்தான் கூடும். ஓட்டோவைத் தூரத்தில் நிறுத்தி, காற்றுக்கு எதிர்ப்பக்கமாக மெதுவாக நடந்தால் நன்றாகப் பார்க்கலாம். குட்டிக்கும் தாய்க்கும் நடுவே போகாதீர்கள், உதைக்கும். பாணும் பிஸ்கற்றும் போடுவது பெரிய கெடுதல். பழகிய குதிரை மேய்ச்சலை விட்டு வீதிக்கு வந்து நிற்கும்.

மாசி, பங்குனிதான் நல்ல காலம். கடல் அடங்கியிருக்கும், மாரித் தண்ணீர் குளங்களில் மிச்சம் இருக்கும், குதிரைகளும் உடம்போடு நிற்கும். வைகாசிக்குப் பிறகு சோழகம் (தென்மேற்குக் காற்று) எழும்பினால் படகு ஆடும், குளமும் வற்றத் தொடங்கும். கடும் வறட்சியில் தண்ணீரில்லாமல் குதிரைகள் செத்திருக்கின்றன. கோடை தொடங்கமுன் குளங்களை ஆழப்படுத்தி, தொட்டிகளுக்கு நல்ல தண்ணீர் விடும் ஒழுங்கு ஒவ்வொரு வருடமும் நடக்கவேண்டும். வருபவர்களுக்கான மற்ற வசதிகளைப் பிறகு பார்க்கலாம்.

ஆளுக்கு மூன்று லீற்றர் தண்ணீர், தொப்பி, சில்லறைக் காசு கொண்டுபோங்கள். தீவுக் கிணறுகள் பல உவர், நல்ல தண்ணீர் ஊர்ச்சனத்துக்கே தட்டுப்பாடு. வெறும் போத்தலைத் திருப்பிக் கொண்டுவாருங்கள். முருகைக்கல்லை ஒரு துண்டுகூட எடுக்கவேண்டாம்.