ஓஇடி ரைட்டிங்: பத்து லெட்டர் திருத்தத்துக்கு 3,500 ரூபாய் கொடுத்த கதை

முதலில் மார்க்கைச் சொல்லிவிடுகிறேன். முதல் தடவை ஓஇடி (வெளிநாட்டில் வேலைக்குப் போகும் நர்ஸ், டாக்டர் போன்றவர்களுக்கான ஆங்கிலத் தேர்வு) எழுதியபோது லிசனிங், ரீடிங், ஸ்பீக்கிங் மூன்றிலும் 350-ஐத் தாண்டிவிட்டேன், ரைட்டிங்கில் மட்டும் 280. யூகே நர்சிங் கவுன்சில் மற்ற மூன்றிலும் பி கிரேடு, அதாவது 350 கேட்கிறது, ரைட்டிங்குக்கு சி பிளஸ், அதாவது 300 இருந்தால் போதும் என்று ஏற்கெனவே இறங்கி வந்திருக்கிறது. அந்த 300 கூட எனக்கு வரவில்லை. ஆறு வருடமாக வார்டில் தினமும் எழுதிக்கொண்டிருப்பவளுக்கு லெட்டர் எழுதத் தெரியவில்லையாம்!

அதற்கு முன்னால் ஒரு கோச்சிங் சென்டரில் 12,000 கட்டியிருந்தேன். பெயர் வேண்டாம், என் ஜூனியர்கள் இன்னும் அங்கேதான் போகிறார்கள். முதல் நாளே ஒரு டெம்ப்ளேட் ஜெராக்ஸ் கையில் கொடுத்துவிட்டார்கள், எந்த நோயாளி வந்தாலும் அதில் பெயரையும் வயதையும் மாற்றிப் போட்டால் லெட்டர் ரெடி, கடைசி வரி எல்லோருக்கும் ஒன்றேதான்: 'கைண்ட்லி டூ தி நீட்ஃபுல்'. முப்பது பேர் எழுதிக் கொடுப்போம், சார் இரண்டு மூன்றைப் படித்துவிட்டு மீதிக்கெல்லாம் டிக் போட்டு 'குட்' என்று எழுதித் தருவார். என்னிடம் அப்படி இருபது குட் இருக்கிறது. ரிசல்ட் வந்த பிறகு அதையெல்லாம் எடுத்துப் பார்த்தபோது சிரிப்பும் வந்தது, வயிற்றெரிச்சலும் வந்தது.

இந்த ரிவ்யூ அந்த சென்டரைப் பற்றி இல்லை. அப்புறம் கூட வேலை பார்த்த ஒரு சிஸ்டர் சொல்லி, வாட்ஸ்அப்பில் லெட்டர் திருத்திக் கொடுக்கும் ஒரு கேரளத்து நர்ஸிடம் சேர்ந்தேன். கோயம்புத்தூரில் சில வருடம் வேலை பார்த்தவர், தமிழ் நன்றாகப் பேசுவார், சேச்சி என்றுதான் கூப்பிடுவேன். வகுப்பு கிடையாது, வீடியோ கிடையாது. பத்து லெட்டருக்கு 3,500. நாம் எழுதி போட்டோ எடுத்து அனுப்ப வேண்டும், சிவப்பில் கோடு போட்டுத் திரும்ப வரும், கூடவே ஐந்தாறு நிமிட வாய்ஸ் நோட் ஒன்றும் வரும். காசு அந்த வாய்ஸ் நோட்டுக்குத்தான்.

தெரியாதவர்களுக்கு: ஓஇடியில் லிசனிங், ரீடிங் எல்லா மருத்துவத் தொழிலுக்கும் பொது, ரைட்டிங்கும் ஸ்பீக்கிங்கும் அவரவர் தொழிலுக்குத் தனி. ரைட்டிங் மொத்தம் 45 நிமிடம், அதில் முதல் ஐந்து நிமிடம் கேஸ் நோட்ஸை, அதாவது நோயாளியைப் பற்றிக் கொடுக்கும் குறிப்புகளைப் படிக்க மட்டும், பேனாவைத் தொடக் கூடாது. நோட்ஸை வைத்து ரெஃபரல் லெட்டரோ டிஸ்சார்ஜ் லெட்டரோ சுமார் 180 முதல் 200 வார்த்தைக்குள் எழுத வேண்டும். நோட்ஸில் இருப்பது எல்லாம் லெட்டருக்குத் தேவைப்படாது, வேண்டாததையும் சேர்த்தேதான் கொடுப்பார்கள். சென்டரில் இதை ஒருவர்கூட எனக்கு உறைக்கும்படி சொல்லவில்லை, எதையும் விட்டுவிடாதே என்றுதான் சொன்னார்கள்.

நான் சேச்சிக்கு அனுப்பிய முதல் லெட்டரையே சொல்கிறேன். 68 வயதுக்காரர், இடுப்பு மூட்டு மாற்று அறுவை முடிந்து வீட்டுக்குப் போகிறார், வீட்டுக்கே வந்து பார்க்கும் கம்யூனிட்டி நர்ஸுக்கு லெட்டர். நான் 1979-இல் அவருக்கு அப்பெண்டிக்ஸ் எடுத்ததிலிருந்து ஆரம்பித்து, வார்டில் ஒவ்வொரு நாளும் பிபி எவ்வளவு என்பது வரை வரிசையாக எழுதி, 260 வார்த்தைக்குக் கொண்டுபோயிருந்தேன். வாய்ஸ் நோட்டில் முதல் கேள்வியே, "மோளே, இந்த அப்பெண்டிக்ஸ் இப்ப யாருக்கு வேணும்?" அடுத்தது இன்னும் மோசம். அவருக்கு ரத்தம் உறையாமல் இருக்க தினமும் வயிற்றில் எனோக்ஸாபரின் ஊசி போட வேண்டும், மனைவிக்குக் கைவிரல்களில் ஆர்த்ரைட்டிஸ், அவரால் சிரிஞ்சைப் பிடிக்க முடியாது. நோட்ஸில் 'சோஷியல்' என்ற தலைப்புக்குக் கீழே ஓர் ஓரமாக அது கிடந்தது, நான் குடும்ப விஷயம்தானே என்று விட்டுவிட்டேன். அந்த நர்ஸை வீட்டுக்குக் கூப்பிடுவதே அதற்காகத்தான்! லெட்டரின் முதல் பத்தியிலேயே வர வேண்டிய விஷயம். ரைட்டிங்குக்கு மார்க் போடும் ஆறு அளவுகோல்களில் பர்ப்பஸ் (லெட்டரின் நோக்கம்) என்ற ஒன்றுக்கு மட்டும் 0 முதல் 3 வரைதான் மதிப்பெண், மற்ற ஐந்துக்கும் 7 வரை உண்டு, அதனால் அதை நான் சின்ன விஷயமாகவே நினைத்திருந்தேன். ஆனால் எதற்காக எழுதுகிறோம் என்பது நமக்கே தெரியாவிட்டால் எதை எடுப்பது, எதை விடுவது என்றும் தெரியாமல் போகிறது, மற்ற இடங்களிலும் அடி விழுகிறது.

மொழிப் பக்கம் அவர் பிடித்தது பெரும்பாலும் நம்முடைய பழக்கதோஷம். 'ஹி இஸ் ஹேவிங் பெயின்' என்று என் லெட்டர்களில் நான்கு இடத்தில் இருந்தது, 'வலி இருந்துகிட்டிருக்கு' என்று மனசுக்குள் ஓடுவதை அப்படியே இறக்கி வைக்கிறோம் போல. 'தி' எங்கே போட வேண்டும் என்பது கடைசி லெட்டர் வரை முழுசாகச் சரியாகவில்லை, அதை ஒத்துக்கொள்கிறேன். ஷிஃப்ட் மாறும்போது எழுதும் ஹேண்ட்ஓவர் நோட்டில் எழுதுவதுபோல் சுருக்கெழுத்தாகவே போய்க்கொண்டிருந்ததும் நின்றது. 'நீட்ஃபுல்' வரி மூன்றாவது லெட்டரோடு செத்தது. அதற்குப் பதில் என்ன செய்ய வேண்டும், எத்தனை நாளைக்கு என்று நேராகக் கேட்டு எழுதச் சொன்னார்.

குறை இல்லாமல் இல்லை. 24 மணி நேரத்தில் திருப்பி வரும் என்பது விளம்பரம், எனக்கு இரண்டு மூன்று நாள் ஆகியிருக்கிறது, ஒரு தடவை நைட் டியூட்டி என்று ஐந்து நாள். பரீட்சைக்கு இரண்டு வாரம் இருக்கும்போது சேர்ந்தால் பத்தும் முடியாது, குறைந்தது ஆறு வாரம் கையில் வைத்துக்கொள்ளுங்கள். இன்னொன்று, நாம் வீட்டில் டீ குடித்துக்கொண்டு ஒன்றரை மணி நேரம் எழுதினாலும் அவருக்குத் தெரியப்போவதில்லை. போனில் டைமர் வைத்து, ஐந்து நிமிடம் பேனாவைத் தூர வைத்துவிட்டு, நானே எனக்கு கண்காணிப்பாளராக உட்கார்ந்ததால் தப்பித்தேன். கம்ப்யூட்டரில் எழுதப் போகிறவர்கள் டைப் செய்தே அனுப்புங்கள், நோட்டில் எழுதிப் பழகிவிட்டு அங்கே போய் ஒற்றை விரலால் தேடாதீர்கள்.

கேள்விகளும் அவர் தரமாட்டார், நாம்தான் தேட வேண்டும். ஓஇடியின் சொந்த வெப்சைட்டிலேயே நர்சிங்குக்கு மாதிரித் தேர்வுகள் இலவசமாக இருக்கின்றன, அதிலிருந்து தொடங்கினேன். டெலிகிராமில் சுற்றும் பிடிஎஃப்களில் பாதி யாரோ சொந்தமாகத் தயாரித்தவை, நோட்ஸிலேயே தப்பு இருக்கும்.

இங்கிலீஷ் அடிப்படையே தடுமாறுகிறவர்களுக்கு இது சரிவராது, அவர்கள் முதலில் இலக்கண வகுப்புக்குப் போவது நல்லது. மற்ற மூன்றும் வந்து ரைட்டிங்கில் மட்டும் மாட்டிக்கொண்டு நிற்பவர்கள் தாராளமாகச் சேரலாம். எனக்கு இரண்டாம் தடவை 330 வந்தது. ஐந்துக்கு நாலு ஸ்டார், ஒன்றைக் குறைத்தது அந்த ஐந்து நாளுக்காக.

பத்தில் எட்டுதான் பயன்படுத்தினேன், மிச்சம் இரண்டை சேச்சியிடம் கேட்டு என் வார்டு ஜூனியருக்கு மாற்றிக் கொடுத்தேன். ஞாயிற்றுக்கிழமை அனுப்பினாளாம், இன்றைக்கு புதன், இன்னும் திரும்பி வரவில்லை என்று காலையிலிருந்து என்னைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறாள்.